பத்து வழக்கு இருப்பவருக்கும் ஜாமீன் எப்படிக் கிடைக்கிறது? சாட்சி சொல்லப் போகிறவர் என்ன செய்வது?

உங்கள் சித்தப்பா ஒரு வெட்டு வழக்கில் நேரில் பார்த்த சாட்சி. எதிரி, அதாவது குற்றம் சாட்டப்பட்டவன் மேல் ஏற்கெனவே ஏகப்பட்ட வழக்குகள். அப்படியும் நான்காவது மாதமே ஜாமீனில் வெளியே வந்து தெருவில் நடமாடுகிறான், இது எப்படி என்று கேட்டிருக்கிறீர்கள். நான் மாவட்ட நீதிமன்றத்தில் கிரிமினல் வழக்கு நடத்துகிறவன். பெரும்பாலும் எதிரி தரப்பில்தான் ஆஜராவேன், அதாவது ஜாமீன் வாங்கித் தருகிற ஆள். அதை மனதில் வைத்துக்கொண்டு படியுங்கள்.

நான்காவது மாதம் என்றதுமே எனக்கு ஒரு சந்தேகம். கொலை, கொலை முயற்சி போன்ற பெரிய குற்றங்களில் 90 நாளுக்குள், மற்றவற்றில் 60 நாளுக்குள் போலீஸ் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்ய வேண்டும். செய்யாவிட்டால் எதிரி கேட்டதும் ஜாமீன் கொடுத்தே ஆக வேண்டும். அவன் மேல் 2 வழக்கா 20 வழக்கா என்ற கேள்வியே அங்கே எழாது. 91ஆம் நாள் காலையில் மனுவோடு நிற்பது எங்கள் தொழிலில் அரிச்சுவடி. உங்கள் வழக்கில் அப்படித்தான் நடந்திருந்தால் கோபத்தை நீதிபதி மேல் காட்டாதீர்கள், குற்றப்பத்திரிகை ஏன் தாமதமானது என்று கேளுங்கள்.

அப்படி இல்லாமல் வழக்கமான ஜாமீன் என்றால், சட்டம் முதலில் பார்ப்பது பழைய தண்டனையைத்தான். குற்ற விசாரணை நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 480ஆம் பிரிவு, முன்பு பெரிய குற்றத்தில் தண்டிக்கப்பட்டவரை மாஜிஸ்திரேட் லேசில் ஜாமீனில் விடக்கூடாது என்கிறது. நிலுவையில் இருக்கும் வழக்கு தண்டனை ஆகாது. பல வழக்குகள் இருப்பதை மட்டும் காரணமாக வைத்து ஜாமீனை மறுக்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் 2012லும் 2020லும் சொல்லியிருக்கிறது. அதே நீதிமன்றம்தான் 2014இல் நீரு யாதவ் வழக்கில், எதிரியின் பழைய வழக்குகளைக் கண்டுகொள்ளாமல் உயர் நீதிமன்றம் கொடுத்த ஜாமீனை ரத்து செய்தது. ஆக, எண்ணிக்கை மட்டும் போதாது, ஆனால் அதைப் பார்க்காமல் விடவும் கூடாது. எந்த வழக்கு என்ன ஆனது, முந்தைய ஜாமீனில் எதிரி என்ன செய்தான் என்று அரசு வழக்கறிஞர் எடுத்து வைத்தால்தான் நீதிபதிக்குத் தெரியும். ஜாமீனை எதிர்த்து அரசுத் தரப்பு போடும் எத்தனையோ எதிர்மனுக்களில் குற்ற எண்கள் மட்டும் வரிசையாக இருக்கும். அதை வைத்து யார் என்ன முடிவெடுப்பது?

இந்த விஷயத்தில் எல்லோரும் சொல்லும் உதாரணம் கான்பூர் ரவுடி விகாஸ் துபே. 2020 ஜூலையில் பிக்ரு கிராமத்தில் 8 போலீஸார் சுட்டுக் கொல்லப்பட்ட பிறகு, இத்தனை வழக்குகள் உள்ள ஆள் ஜாமீனில் வெளியே இருந்ததை உச்ச நீதிமன்றமே அதிர்ச்சியோடு பேசியது. நியாயம்தான். ஆனால் 2001ஐப் பாருங்கள். சிவ்லி காவல் நிலையத்துக்குள்ளேயே, அமைச்சர் அந்தஸ்தில் இருந்த சந்தோஷ் சுக்லா சுட்டுக் கொல்லப்பட்டார். அந்த வழக்கில் துபே விடுதலையானான். காரணம், சாட்சிகள் பிறழ்ந்தார்கள், அதாவது அரசுத் தரப்புக்கு எதிராக மாறிவிட்டார்கள், அவர்களில் போலீஸாரும் உண்டு. சாட்சி பிறழ்ந்தால் விடுதலை, விடுதலையானால் தண்டனைப் பதிவு இல்லை, அடுத்த வழக்கில் ஜாமீன் சுலபம். இந்தச் சுழற்சியை வெறும் ஜாமீன் மறுப்பால் உடைக்க முடியாது என்பதுதான் என் கருத்து.

குண்டாஸில், அதாவது தடுப்புக் காவலில் போட்டால் என்ன என்பீர்கள். தமிழ்நாட்டின் 1982ஆம் ஆண்டுச் சட்டப்படி அதிகபட்சம் ஓராண்டு உள்ளே வைக்கலாம். ஆவணம் கொடுக்கவில்லை, மனுவைப் பரிசீலிக்கத் தாமதம் என்று உயர் நீதிமன்றத்தில் உத்தரவு ரத்தாவதும் சகஜம். ரத்தாகாவிட்டாலும், அந்த ஓராண்டில் சாட்சி விசாரணை ஆரம்பிக்கவே இல்லையென்றால் ஆபத்து தள்ளிப் போயிருக்கிறது, அவ்வளவுதான்.

சாட்சிக்கு ஆபத்து எதிரி வெளியே வரும் நாளோடு முடிவதில்லை. குறுக்கு விசாரணை முடியும் வரை அது நீளும். வினோத் குமார் என்ற பஞ்சாப் லஞ்ச வழக்கில் ஒரு சாட்சிக்கு முதல் விசாரணை நடந்தது 1999 செப்டம்பரில், குறுக்கு விசாரணை 2001 மே மாதம். இடையில் கிட்டத்தட்ட 20 மாதம். முதலில் அரசுத் தரப்பை ஆதரித்தவர் அப்புறம் பல்டி அடித்தார். 2015இல் உச்ச நீதிமன்றம் இதைக் கடுமையாகக் கண்டித்தது. சாட்சி விசாரணை தொடங்கினால் நாள்தோறும் நடத்தி முடிக்க வேண்டும் என்று சட்டத்திலேயே இருக்கிறது. நடைமுறை என்ன என்பது கோர்ட் வராண்டாவில் நின்றவர்களுக்குத் தெரியும்.

நம் ஊர் கோகுல்ராஜ் கொலை வழக்கையே பாருங்கள். 2015இல் நடந்த கொலை. விசாரணை நாமக்கல்லிலிருந்து மதுரைக்கு மாற்றப்பட்டது. அப்படியும் முக்கிய சாட்சி பிறழ்ந்தார். திருச்செங்கோடு கோயில் சிசிடிவி பதிவு இருந்ததால் 2022இல் 10 பேருக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது. எல்லா வழக்கிலும் கேமரா இருக்காது.

ஜாமீன் நிபந்தனையைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். தினமும் காலை 10.30க்கு அதே ஊர் ஸ்டேஷனில் கையெழுத்து போடச் சொல்வது, சாட்சியின் வீட்டைத் தாண்டித் தினமும் நடந்து போக அனுமதி கொடுப்பது மாதிரி. வேறு மாவட்டத்தில் தங்கி அங்கே கையெழுத்து போடு என்ற நிபந்தனைதான் உருப்படியானது. அரசுத் தரப்பு அதைக் கேட்டாலே பல நீதிபதிகள் சம்மதிப்பார்கள். கூகுள் மேப்பில் எதிரியின் இருப்பிடத்தைக் காட்டச் சொல்லும் நிபந்தனை செல்லாது என்று 2024இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது, அதைக் கேட்டுப் பயனில்லை.

சரி, சித்தப்பா என்ன செய்யலாம்? 2018 டிசம்பரில் மகேந்தர் சாவ்லா வழக்கில் உச்ச நீதிமன்றம் சாட்சிப் பாதுகாப்புத் திட்டத்தை நாடு முழுவதும் சட்டமாகவே அமல்படுத்தியது. மாவட்ட நீதிபதி தலைமையில் ஒரு குழு, அதில் மாவட்டக் காவல் தலைவரும் அரசு வழக்கு நடத்தும் துறையின் தலைவரும் இருப்பார்கள். மனு கொடுத்தால் டிஎஸ்பி அளவிலான அதிகாரி, உத்தரவு கிடைத்த 5 வேலை நாளில் அச்சுறுத்தல் அறிக்கை தர வேண்டும். அவசரம் என்றால் அதற்கு முன்பே இடைக்காலப் பாதுகாப்பு கேட்கலாம். ரோந்து, வீட்டில் கேமரா, கோர்ட்டுக்குப் போலீஸ் துணை, தற்காலிகமாக வேறு வீடு எல்லாம் அதில் உண்டு. ஒரு தடவைக்கு அதிகபட்சம் 3 மாதம்தான், ஆகவே வாய்தா தேதியைப் பார்த்து மனு போடுங்கள். இப்படி ஒரு திட்டம் இருப்பதை சாட்சிகளிடம் யாரும் சொல்வதே இல்லை.

மிரட்டல் அரிவாளோடு வராது. தெரிந்தவர் ஒருவர் டீ குடிக்க வருவார், "பொண்ணு எந்தக் காலேஜ்ல படிக்குது?" என்பார். ஊர்ப் பெரியவர் சமாதானம் பேசுவார். தேதி, நேரம், பேசிய வார்த்தை, போன் எண் எல்லாவற்றையும் அன்றே எழுதி வைக்கச் சொல்லுங்கள். சாட்சியை மிரட்டுவது தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதா 232ஆம் பிரிவில் 7 ஆண்டு வரை தண்டனைக்குரிய தனிக் குற்றம். ஜாமீனை ரத்து செய்ய வலுவான காரணம் வேண்டும் என்பதால், அந்தப் புகாரும் வழக்குப் பதிவும்தான் மனுவுக்கு உயிர். வெட்டுப்பட்டவர் தானே வக்கீல் வைத்து ஜாமீனை எதிர்க்கலாம். லக்கிம்பூர் கேரி வழக்கில் 2022இல் பாதிக்கப்பட்டவரின் இந்த உரிமையை உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. சித்தப்பா சாட்சி மட்டும்தான் என்றால் அரசு வழக்கறிஞர் வழியாகப் போவது எளிது.

சம்மன் வந்ததும் சித்தப்பாவை அரசு வழக்கறிஞரைப் போய்ப் பார்த்து, குறுக்கு விசாரணையையும் அன்றைக்கே முடிக்க வலியுறுத்தச் சொல்லுங்கள். எதிர்த்தரப்பில் நான் இருந்தால் சீனியருக்கு உடம்பு சரியில்லை என்று வாய்தா கேட்பேன். அதை ஆட்சேபிக்க வேண்டியது அரசு வழக்கறிஞர்.