தோஸ்த் பிளஸ்ஸா, பொலேரோ 1.7 டன்னா? பெட்டிக் கணக்கு போட்டுப் பாருங்கள்

கேள்வி: உடுமலைப்பேட்டை சந்தையிலிருந்து பாலக்காட்டுக்குத் தக்காளி லோடு அடிக்க, சொந்தமாக டீசல் பிக்-அப் எடுக்கப்போகிறேன். நானே ஓட்டுவேன். மாதம் 25 நடை. போக வர 160 கி.மீ. அதில் 17 நடைக்கு 85 பெட்டி ஏறும், 8 நடைக்கு 100 பெட்டி வரை வரும். 14 கிலோ பெட்டிக்கு 35 ரூபாய் வாடகை. அசோக் லேலண்ட் தோஸ்த் பிளஸ்ஸுக்கு ஆன்ரோடு 9.30 லட்சம், மஹிந்திரா பொலேரோ பிக்-அப் 1.7 டன்னுக்கு 10.60 லட்சம் என்று கொட்டேஷன் வாங்கியிருக்கிறேன். லோடோடு மைலேஜ் முறையே 15, 12.5 என்று ஓட்டுபவர்கள் சொல்கிறார்கள். கையில் 3 லட்சம் இருக்கிறது. “எடுக்கிறதுதான் எடுக்கிறே, பெருசா எடு” என்கிறார் அண்ணன். எதை எடுக்கலாம்?

பதில்: நீங்கள் எழுதிய ஓட்டத்துக்கு தோஸ்த் பிளஸ் போதும். உங்கள் அண்ணன் சொல்வது சரியாகிற இடமும் ஒன்று இருக்கிறது, அதைப் பின்னால் சொல்கிறேன்.

முதலில் பெட்டி. 14 கிலோ என்பது தக்காளியின் எடைதான். காலிப் பிளாஸ்டிக் பெட்டி ஒன்றரை கிலோ வரும். ஆக, வண்டிக்கு ஒரு பெட்டி 15.5 கிலோ. இதோடு தார்பாய், கயிறு, பக்கத்தில் உட்காரும் லோடுமேன் எல்லாம் சேர்த்து 100 கிலோ கழியுங்கள். 1,500 கிலோ ஏற்றும் தோஸ்த் பிளஸ்ஸில் 90 பெட்டி. 1,700 கிலோ ஏற்றும் பொலேரோவில் 103. கூடுதலாக 1.30 லட்சம் கொடுத்து நீங்கள் வாங்கப்போவது 13 பெட்டிக்கான இடம், அவ்வளவுதான். முழுதாக நிரம்பினால் அது நடைக்கு 455 ரூபாய்.

ஒரு விஷயம்: இந்த 1,500, 1,700 எல்லாம் விளம்பர எண்கள். உங்கள் வண்டிக்குச் சட்டப்படி எவ்வளவு ஏற்றலாம் என்பது ஆர்சியில் (பதிவுச் சான்றில்) இருக்கிறது. மொத்த எடையிலிருந்து காலி எடையைக் கழித்தால் வருவதுதான் உங்கள் லோடு. கம்பி கிரில் வைத்து உயரமாக பாடி கட்டினால், அந்த இரும்பின் எடையும் லோடிலிருந்துதான் போகும். 80 கிலோ கிரில் கட்டினால் ஐந்து பெட்டி போச்சு. அதனால் பாடி கட்டும் பட்டறைக்காரரிடம் விலையோடு எடையையும் கேளுங்கள்.

அடுத்தது பர்மிட். ஷோரூமில் இதை யாரும் தானாகச் சொல்ல மாட்டார்கள். மோட்டார் வாகனச் சட்டத்தின் 66-வது பிரிவுப்படி, மொத்த எடை 3,000 கிலோவைத் தாண்டாத சரக்கு வண்டிக்குப் பர்மிட் தேவையில்லை. தோஸ்த் பிளஸ் அந்தக் கோட்டுக்குள் நிற்கிறது. பொலேரோ 1.7 டன் தாண்டிவிடுகிறது. நீங்கள் தினமும் கேரள எல்லையைக் கடக்கிறவர். பொலேரோ என்றால் நேஷனல் பர்மிட் போட வேண்டும்: ஆண்டுக்கு 16,500 ரூபாய் கூட்டுக் கட்டணம், அங்கீகாரக் கட்டணம் 1,000. கொட்டேஷனில் ‘ஜிவிடபிள்யூ’ (லோடோடு சேர்ந்த மொத்த எடை) என்ற வரியைத் தேடி, எண்ணை உங்கள் கண்ணால் பார்த்துவிட்டே முன்பணம் கொடுங்கள். ஒரே பெயரில் பல ரகங்கள் ஓடுகின்றன. பொலேரோவிலேயே 1.3 டன் ரகமும் உண்டு. லோடு குறைவு என்பதால் உங்களுக்கு அது ஒத்துவராது.

இனி ஐந்து வருடக் கணக்கு. இரண்டுக்கும் 2 லட்சம் முன்பணம், மீதிக்கு 10.5% குறையும் நிலுவை வட்டியில் (கட்டக் கட்டக் குறையும் பாக்கிக்கு மட்டும் வட்டி) 48 மாதக் கடன் என்று வைத்துக்கொள்கிறேன். லட்சத்துக்கு டியூ 2,560 ரூபாய் வரும். தோஸ்த்துக்கு 18,690, பொலேரோவுக்கு 22,019. நான்கு வருடத்தில் பொலேரோவுக்குக் கூடுதலாகக் கட்டுவது சுமார் 1,59,700.

டீசல்தான் பெரிய செலவு. வருடத்துக்கு 48,000 கி.மீ. ஓடுகிறீர்கள். 15 கொடுத்தால் 3,200 லிட்டர், 12.5 கொடுத்தால் 3,840 லிட்டர். 640 லிட்டர் வித்தியாசம், லிட்டர் 93 ரூபாய் என்று போட்டால் வருடத்துக்கு 59,520. ஐந்து வருடத்தில் 2,97,600. விலை வித்தியாசத்தைப் போல இரண்டு மடங்குக்கு மேல்! ஆனாலும் ஷோரூமில் 10,000 தள்ளுபடிக்கு ஒரு மணி நேரம் பேசுகிறவர்கள், மைலேஜை மட்டும் யாரோ சொன்னதை வைத்தே நம்பிவிடுகிறார்கள்.

பர்மிட் ஐந்து வருடத்துக்கு 87,500. மூன்றையும் கூட்டினால் 5,44,800. பொலேரோவைப் பின்னால் விற்கும்போது ஒரு லட்சம் கூடக் கிடைக்கும் என்று தாராளமாகவே கழித்துவிடுவோம். மீதி 4,44,800, 60 மாதத்துக்கு வகுத்தால் மாதம் 7,413 ரூபாய். பெரிய வண்டியின் உண்மையான கூடுதல் விலை இதுதான்.

இதை 455-ஆல் வகுத்தால் 16.3. அதாவது மாதத்தில் 17 நடையாவது 103 பெட்டி நிரம்பினால்தான் பொலேரோ தன் செலவைத் தானே சுமக்கும். உங்களுக்கு அப்படிப்பட்ட நடை எட்டுதான், அதிலும் 100 பெட்டிதான். தோஸ்த்தில் ஏறாமல் மிஞ்சுவது பத்துப் பெட்டி. எட்டு நடைக்கு 2,800 ரூபாய் வாடகை. அந்த 2,800-க்காக மாதம் 7,413 செலவு செய்ய வேண்டாம். மிஞ்சும் பெட்டிகளைப் பக்கத்து வண்டியில் பார்ட் லோடாகப் போட்டுவிடுங்கள், வியாபாரியும் கைவிட்டுப் போக மாட்டார்.

பத்துப் பெட்டிதானே, தோஸ்த்திலேயே ஏற்றிவிடலாம் என்று தோன்றும். ஓவர்லோடுக்கு 194-வது பிரிவில் அடிப்படை அபராதமே 20,000 ரூபாய், அதற்கு மேல் கூடுதலான ஒவ்வொரு டன்னுக்கும் 2,000. கூடுதல் சரக்கை இறக்கும் செலவும் உங்கள் தலையில். பத்துப் பெட்டியின் வாடகை 350. ஒருமுறை மாட்டினால் 57 நடையின் கூடுதல் காசு போய்விடும். பிடிபடாவிட்டாலும் கிளட்ச் பிளேட், பின் லீஃப் ஸ்பிரிங், பின் டயர், பிரேக் ஷூ என்று இந்த வரிசையில்தான் அது வசூலாகும்.

கையில் நிற்பது எவ்வளவு என்றும் பார்த்துவிடுவோம். தோஸ்த்தில் மாத வாடகை 17 × 85 × 35, கூட்டல் 8 × 90 × 35, ஆக 75,775. டீசல் 24,800, டியூ 18,690. டயர், ஆயில், கிளட்ச், பிரேக் என்று கிலோமீட்டருக்கு 1.25 ரூபாய் வீதம் 5,000 தனியாக எடுத்து வையுங்கள். இன்சூரன்ஸ், எஃப்சிக்கு (தகுதிச் சான்று) 3,500. மீதி ஏறக்குறைய 23,800. பொலேரோவில் எட்டு நடையும் 100 பெட்டி ஏற்றி, பர்மிட்டும் கழித்தால் 16,800 சொச்சம். இரண்டுமே நீங்களே ஸ்டியரிங் பிடிக்கும் வரைதான். சம்பளத்துக்கு டிரைவர் போட்டால் பொலேரோ கணக்கு உடனே சிவப்புக்குப் போகும், தோஸ்த்தும் தள்ளாடும். லைசென்ஸ் பற்றிக் கவலை வேண்டாம்: 7,500 கிலோவுக்கு உட்பட்ட சரக்கு வண்டியை சாதாரண எல்எம்வி (இலகுரக வாகன) லைசென்ஸிலேயே ஓட்டலாம் என்று உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு 2024 நவம்பரில் தெளிவாகச் சொல்லிவிட்டது.

அண்ணன் சொல்வது சரியாகிற இடம் மலை. தோஸ்த்தில் 1.5 லிட்டர், மூன்று சிலிண்டர் என்ஜின்; பொலேரோவில் 2.5 லிட்டர், நான்கு சிலிண்டர். பொள்ளாச்சி வழியாகப் பாலக்காடு போகிற சாலையில் சின்ன என்ஜின் சிக்கனமாக ஓடும். அதே வண்டியை முழு லோடோடு மறையூர், மூணாறு பக்கம் ஏற்றினால், பெரும்பாலும் கீழ் கியரிலேயே உருட்ட வேண்டியிருக்கும், மைலேஜ் சாதகம் கரைந்துவிடும். தோஸ்த் 13.5-க்கு இறங்கி, பொலேரோ 12.5-லேயே நின்றால், மாதக் கூடுதல் செலவு 7,413-லிருந்து சுமார் 4,660 ஆகக் குறையும். அப்போது 17 நடை தேவையில்லை, 11 நடை நிரம்பினாலே போதும். மூணாறு வியாபாரம் உறுதியாகக் கையில் இருந்தால் பொலேரோ எடுங்கள். ‘வந்தாலும் வரும்’ என்கிற வியாபாரத்துக்காக டியூவை ஏற்றிக்கொள்ளாதீர்கள்.

இவ்வளவும் 15, 12.5 என்ற இரண்டு எண்களின் மேல் நிற்கிறது. அதனால் அவற்றை நீங்களே சோதியுங்கள். ஷோரூம் டெமோ வண்டி காலியாக ஓடும், அது உதவாது. சந்தைக்கு வரும் வண்டிகளில் அதே ரகம், 30,000 கிலோமீட்டருக்கு மேல் ஓடியது ஒன்றைப் பிடித்து, டீசல் காசு நீங்கள் தருவதாகச் சொல்லி ஒரு நடை கூடப் போங்கள். கிளம்பும்போது டேங்க்கை நிரப்பி, பம்பு தானாக நிற்கும் முதல் ஆட்டோ கட்டோடு நிறுத்திவிட வேண்டும். அதற்கு மேல் ஒரு சொட்டும் திணிக்கக் கூடாது. திரும்பி வந்ததும் அதே பம்பு, அதே நாசில், அதே முதல் கட். ஓடிய தூரத்தை இரண்டாவது முறை பிடித்த லிட்டரால் வகுங்கள். மீட்டர் போர்டில் காட்டும் மைலேஜை நம்ப வேண்டாம். அந்த வண்டிக்காரரிடமே கிளட்ச் எத்தனை கிலோமீட்டரில் மாற்றினார், எவ்வளவு ஆனது, வண்டி சர்வீஸில் எத்தனை நாள் நின்றது என்றும் கேட்டுவிடுங்கள். ஒரு நாள் நின்றால் உங்களுக்குச் சுமார் 3,000 ரூபாய் வாடகை போகிறது. பாகம் உடுமலையில் கிடைக்குமா, கோவையிலிருந்து வர வேண்டுமா என்பது 100 ரூபாய் டியூ வித்தியாசத்தைவிடப் பெரிய விஷயம். தோஸ்த்தில் என்ஜின் சீட்டுக்கு அடியில் இருக்கிறது. வெயில் நேரத்தில் இரண்டு மணி நேரம் உட்கார்ந்து பார்த்தால்தான் சூடு தெரியும். பொலேரோவுக்கு முன்னால் பானெட் இருப்பதால் அந்தத் தொந்தரவு குறைவு. இதற்கு ரூபாய்க் கணக்கு கிடையாது, உங்கள் உடம்பு சொல்ல வேண்டியது.

கடனில் ஒரு பொறி. ‘வெறும் 6.5 சதவீதம்’ என்று ஒரு ஃபைனான்ஸ்காரர் வருவார். அது ஃபிளாட் வட்டி, அதாவது முதலில் வாங்கிய முழுத் தொகைக்கும் கடைசி வரை போடும் வட்டி. 7.30 லட்சத்துக்கு நான்கு வருடத்தில் வட்டி 1,89,800, டியூ 19,163 ஆகிறது. 10.5% குறையும் நிலுவை வட்டியில் 18,690தானே? அந்த 6.5 உண்மையில் 11.8 சதவீதத்துக்குச் சமம். சதவீதத்தை விடுங்கள்; ‘கையில் எவ்வளவு தருகிறீர்கள், எத்தனை டியூ, ஒரு டியூ எவ்வளவு’ என்று மூன்றை மட்டும் எழுதி வாங்கி ஒப்பிடுங்கள். பிராசஸிங் கட்டணம், கடனோடு ஒட்டிவரும் ஆயுள் காப்பீட்டு பிரீமியம் இரண்டும் கடன் தொகைக்குள் ஒளிந்திருக்கிறதா என்றும் பாருங்கள்.

ஜிஎஸ்டி: சரக்கு வண்டிக்கு 2025 செப்டம்பர் 22 முதல் 28-லிருந்து 18 சதவீதமாகக் குறைந்துவிட்டது, உங்கள் கொட்டேஷன் அதன் பிறகு போட்டதா என்று தேதியைப் பாருங்கள். ‘கட்டிய ஜிஎஸ்டியைத் திரும்ப எடுத்துக்கொள்ளலாம்’ என்பது வரி வசூலிக்கும் வியாபாரிகளுக்கு. நீங்கள் அடிப்பது வரி விலக்குள்ள காய்கறி லோடு. உள்ளீட்டு வரி வரவு உங்களுக்குக் கிடைக்காது.

வருமான வரிக்கு, சரக்கு வண்டிக்காரர்களுக்கான உத்தேச வருமான முறைப்படி இந்த அளவு வண்டிக்கு மாதம் 7,500 ரூபாய் வருமானம் என்று காட்டினால் போதும், கணக்குப் புத்தகம் வேண்டாம்.

இன்சூரன்ஸில், 7,500 கிலோ வரையுள்ள சரக்கு வண்டிக்கு மூன்றாம் நபர் பிரீமியம் எல்லாக் கம்பெனியிலும் ஒரே தொகைதான். பேரம் பேச வேண்டியது சொந்த சேதப் பகுதியில். ‘ஐஎம்டி 23’ என்ற கூடுதல் கவர் இருக்கிறதா என்று கேளுங்கள். அது இல்லாத பாலிசியில், வண்டியே முழுதாக நொறுங்கினாலொழிய, ஹெட்லைட், பம்பர், மட்கார்டு, பானெட் பக்கம், டயர் போன்றவற்றுக்குத் தனியாகப் பணம் வராது. சந்தை நெரிசலில் முதலில் உடைவது இவைதான். மலிவான கொட்டேஷன் மலிவாக இருப்பதற்குப் பல நேரம் இதுவே காரணம்.

கையில் உள்ள 3 லட்சத்தையும் முன்பணமாகக் கொட்டாதீர்கள். 2 லட்சம் போதும். மீதி ஒரு லட்சம் வங்கியில் தனிக் கணக்கில் கிடக்கட்டும்: மூன்று டியூவுக்கு 56,000, மிச்சம் அடுத்த வருட இன்சூரன்ஸுக்கும் எதிர்பாராத ரிப்பேருக்கும். தக்காளி விலை விழுந்து பறிக்காமல் விடும் வாரங்களில் லோடு இருக்காது, டியூ தேதி மட்டும் தவறாமல் வரும். கடைசி டியூ கட்டிய கையோடு ஃபைனான்ஸ் கம்பெனியிடம் தடையில்லாச் சான்றும் படிவம் 35-ம் வாங்கி, ஆர்டிஓவில் ஆர்சியிலிருந்து கடன் பதிவை நீக்கிவிடுங்கள். விற்கும் நாளில் அதற்காக அலைந்தால், வாங்க வந்தவர் அதைச் சொல்லியே விலையைக் குறைப்பார்.