மீன்தொட்டிக்குப் பெயிண்டும் அலங்காரமும்: கேள்வி-பதில்

தொட்டியின் பின்பக்கக் கண்ணாடிக்குக் கறுப்பு அடிக்கலாமா?

வெளிப்பக்கம் தாராளமாக அடிக்கலாம். பெயிண்ட் தண்ணீரைத் தொடாது என்பதால் சாதாரண அக்ரிலிக் போதும். தொட்டி காலியாக இருக்கும்போது கண்ணாடியை ஸ்பிரிட்டால் துடைத்துப் பிசுக்கை எடுத்துவிட்டு, ஸ்பாஞ்ச் ரோலரால் மெல்லிய பூச்சாக 3 அல்லது 4 முறை, ஒவ்வொன்றும் காய்ந்தபின் அடியுங்கள். ஒரே தடவையில் தடிப்பாக அடித்தால் தோல் மாதிரி உரிந்து வரும். உட்பக்கக் கண்ணாடிக்கு எந்தப் பெயிண்டும் வேண்டாம்.

சிமெண்டில் குகை செய்தேன். மீதியிருந்த எனாமல் பூசலாமா?

கூடாது. எனாமலின் கரைப்பான் தண்ணீரில் இறங்கும், நாளடைவில் பூச்சும் உரியும். பூஞ்சைத் தடுப்பு சேர்த்த வெளிச்சுவர்ப் பெயிண்டும் வேண்டாம். பூஞ்சையைக் கொல்வது மீனையும் விடாது. செம்பு கலந்த படகுப் பெயிண்ட் இன்னும் மோசம்: இறாலும் நத்தையும் முதலில் சாகும்.

பெயிண்டுக்கு முன் சிமெண்டைக் கவனியுங்கள். புதுச் சிமெண்டிலிருந்து சுண்ணாம்பு கசிந்து பி.எச். (தண்ணீரின் அமில-கார அளவு) ஏறும். வாளியில் ஊறப்போட்டுத் தண்ணீரை மாற்றிக்கொண்டே இருங்கள், பி.எச். ஏறாமல் நிற்கச் சில வாரம் ஆகலாம். பிறகு நன்றாகக் காயவைத்து, குடிநீர்த் தொட்டிக்கு ஏற்றதென்று குறிப்பிட்டிருக்கும் இரண்டு பாக எபாக்ஸியை (பிசினும் இறுக்கியும் கலந்து பூசும் பூச்சு) பூசுங்கள். இரண்டு பாகங்களையும் டப்பாவில் சொன்ன விகிதத்திலேயே கலக்க வேண்டும். கண்ணளவில் கலந்தால் இறுகாத பகுதி தண்ணீரில் கசியும். கையில் ஒட்டவில்லை என்பதற்காக இறுகிவிட்டதாக நினைக்காதீர்கள். டப்பாவில் போட்டிருக்கும் அத்தனை நாளும் விட்டு, மேலும் ஒரு வாரம் வாளியில் ஊறவிடுங்கள். வாடையோ, எண்ணெய்ப் படலமோ, நுரையோ தெரிந்தால் தொட்டிக்குள் போகக்கூடாது.

கடற்கரைச் சிப்பிகள் போடலாமா?

சுண்ணாம்புச் சத்து கரைந்து தண்ணீரின் கடினத்தன்மை கூடும். ஆப்பிரிக்க ஏரி சிக்லிட் மீன்களுக்கு அது நல்லது, டெட்ரா, டிஸ்கஸ் மீன்களுக்கு ஆகாது. கல்லில் சந்தேகம் இருந்தால் வினிகர் சில சொட்டு விடுங்கள். பொங்கினால் அதுவும் சுண்ணாம்புக் கல்தான். கல்லைக் கொதிக்க வைக்காதீர்கள், உள்ளே தண்ணீர் இருந்தால் வெடிக்கலாம். பிரஷ்ஷால் தேய்த்துக் கழுவினால் போதும், சோப்பு வேண்டாம்.

மரக்கட்டை போட்டதும் தண்ணீர் டீ நிறமாகிவிட்டது. ஆபத்தா?

இல்லை, மரத்திலிருந்து இறங்கும் டானின் என்ற சாயம்தான். கட்டையை வேகவைத்து ஊறப்போட்டால் குறையும். ஃபில்டரில் ஆக்டிவேட்டட் கார்பன் (வடிகட்டுவதற்கான கரி) போட்டாலும் நிறம் போகும்.

பெட்டா மீனின் வால் கிழிந்துகொண்டே இருக்கிறதே?

பிளாஸ்டிக் செடியின் மேல் பழைய நைலான் காலுறையை இழுத்துப் பாருங்கள். நூல் மாட்டினால் வாலும் மாட்டும். அந்தச் செடியை எடுத்துவிட்டுப் பட்டுத்துணிச் செடி வையுங்கள்.