மொசார்ட்டின் 40ஆம் சிம்பொனி: இரண்டு பதிவுகளில் எது சரி?

வாசகர் கேள்வி: மேற்கத்திய இசைத் தேர்வுக்காக என் மகள் மொசார்ட்டின் 40ஆம் சிம்பொனியைக் கேட்டு வருகிறாள். எங்களிடம் உள்ள பதிவில் முதல் பகுதி சிறிது ஓடியதும் தொடக்கத்திலிருந்து மறுபடி வருகிறது. அவளுடைய ஆசிரியர் தந்த பதிவில் அப்படி இல்லை. எது சரி? கட்டமைப்பை விளக்கும் குறிப்புகளை ஒருவர் விலைக்குத் தருகிறார். வாங்கலாமா?

பதில்: இரண்டு பதிவுகளும் சரியானவையே. 1788ஆம் ஆண்டுக் கோடையில் வியன்னாவில் எழுதிய இந்தச் சிம்பொனியின் முதல் பகுதியில், கருப்பொருள்களை அறிமுகப்படுத்தும் பிரிவின் முடிவில் மறுபடி வாசிக்கும்படி மொசார்ட் குறியிட்டிருக்கிறார். சுமார் இரண்டு நிமிடம் நீளும் அந்தப் பிரிவை, இசைக்குழுவை நடத்தும் கண்டக்டர்கள் சிலர் இருமுறை வாசிக்கச் செய்வார்கள், சிலர் ஒருமுறையோடு விட்டுவிடுவார்கள். பயிலும் பிள்ளைக்கு இருமுறை வரும் பதிவே நல்லது.

தம்புராவின் ஒரே ஆதார சுருதிக்குப் பழகிய நம் காதுக்கு, இங்கே ஆதாரமே இடம் பெயர்கிறது என்பதுதான் பிடிபட வேண்டிய செய்தி. ஜி ஸ்வரத்தை ஆதாரமாகக் கொண்டு சோகச் சாயலில் ஒலிக்கும் ஜி மைனரில் வயலின்கள் தொடங்கும் பதற்றமான மெலடி ஒன்று. ஒரு நிமிடத்துக்குச் சற்று முன்பாக எல்லோரும் ஒரு கணம் நிறுத்தியதும், ஆதாரம் மாறித் தெளிந்த சாயலில் ஒலிக்கும் பி ஃபிளாட் மேஜரில் தந்திக் கருவிகளும் காற்றுக் கருவிகளும் பகிர்ந்துகொள்ளும் சாந்தமான மெலடி இன்னொன்று. அடுத்து வரும் நடுப்பிரிவு முதல் மெலடியைத் தொலைவான சுருதிகளுக்கு இழுத்துச் சென்று அலைக்கழிக்கிறது. காற்றுக் கருவிகள் இறங்கி வந்து முடிப்பதற்குள்ளாகவே வயலின்கள் பழைய மெலடியைத் தொடங்கிவிடுவதால், வீடு திரும்பும் அந்த இடத்தைப் பலரும் தவற விடுகிறார்கள். முன்பு மேஜரில் ஒலித்த இரண்டாவது மெலடி இப்போது ஜி மைனரில் வருகிறது. இதைக் கேட்டு அறிந்துவிட்டால், அறிமுகம், அலைக்கழிப்பு, திரும்புதல் என்ற இந்த அமைப்பான சொனாட்டா வடிவம் புரிந்துவிட்டது என்று கொள்ளலாம்.

இரண்டாம் பகுதி நிதானமானது. மூன்றாவது மினுவெட் என்னும் நடன வடிவம், நான்காவது விரைவானது. மினுவெட்டில் நடுவே வரும் டிரையோ முடிந்ததும் மினுவெட் திரும்பி வருவதும் பதிவின் பழுது அல்ல.

இரண்டு மெலடி என்ற முதல் பகுதி அமைப்புக்கு ஒரு விதிவிலக்கை மட்டும் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனெனில் பிள்ளைகள் மதிப்பெண்ணை இழப்பது பெரும்பாலும் அங்கேதான். மொசார்ட்டின் காலத்து இசையமைப்பாளரான ஹைடனின் 104ஆம் சிம்பொனியின் முதல் பகுதியில் புதிய இரண்டாவது மெலடியைத் தேடினால், எதிர்பார்க்கும் இடத்தில் அது அகப்படாது. டி மேஜரில் கேட்ட அதே மெலடியை அவர் ஏ மேஜரில் வைக்கிறார். ஆதாரம் மாறியதா என்பதே கேள்வி, மெலடி புதிதா என்பது அல்ல. அதன் தொடக்கத்தில் வரும் மெதுவான முன்னுரையும் மறுவாசிப்பில் சேராது. வேகமான இடத்திலிருந்துதான் மறுபடி தொடங்கும்.

குறிப்புகளை வாங்காதீர்கள். என் பார்வைக்கு வந்த இத்தகைய குறிப்புகள் பலவும், எந்தச் சிம்பொனிக்கும் ஒட்டவைக்கக்கூடிய வரையறைகளை நகலெடுத்துத் தொகுத்தவை. இசையைக் கேட்காமலே விடை எழுதிவிடலாம் என்ற நிலையில் வினாத்தாள் இருக்கும்வரை இந்த வியாபாரம் நடக்கத்தான் செய்யும். மூளை வளர்ச்சிக்கு என்று விற்கும் மொசார்ட் தொகுப்புகளையும் தவிர்த்துவிடுங்கள். அவற்றில் முதல் பகுதியைப் பாதியில் வெட்டி வைத்திருக்கலாம், அப்படியானால் மெலடி திரும்பும் இடமே இருக்காது. கைப்பேசிச் செயலியில் கேட்பதானால் பாடல்களைக் கலைத்துப் போடும் வசதியை அணைத்துவிடுங்கள்.

சால்ஸ்பர்க்கின் மொசார்ட்டேயம் அறக்கட்டளை, மொசார்ட்டின் படைப்புகள் அனைத்துக்கும் ஆய்வுப் பதிப்பின் இசைத்தாள்களை இணையத்தில் இலவசமாகத் தருகிறது. அதைத் திறந்து வைத்து, மறுவாசிப்புக் குறி, இரண்டாவது மெலடி, முதல் மெலடி திரும்புமிடம் ஆகிய மூன்றையும் உங்கள் மகளே பென்சிலால் குறிக்கட்டும். பிறகு ஆசிரியர் தந்த பதிவைக் கேட்டு, விடுபட்ட பகுதி எது என்று அவளையே சொல்லச் செய்யுங்கள்.