கறிக்கடைக் கொக்கி

கேள்வி: என் மகன் லண்டனில் வேலைக்குச் சேர்ந்து மூன்று மாதம் ஆகிறது. கூட வேலை பார்ப்பவர் கம்ப்யூட்டரைக் காட்டி, "ஹேவ் எ புட்ச்சர்ஸ்" என்றாராம். கறிக்கடைக்காரருக்கும் கம்ப்யூட்டருக்கும் என்ன சம்பந்தம்? இந்த மாதிரிக் கொச்சை ஆங்கிலத்துக்கெல்லாம் அர்த்தம் சொல்லி ஒரு பட்டியல் போட்டால் என்ன?
- வாசகர், நாமக்கல்

பதில்: சம்பந்தம் கடைக்காரரிடம் இல்லை, அவர் இறைச்சியை மாட்டித் தொங்கவிடும் கொக்கியில் இருக்கிறது. 'புட்ச்சர்ஸ் ஹுக்' என்றால் 'லுக்'. ஹுக்குக்கு லுக் இயைபு. "கொஞ்சம் இதைப் பாருங்கள்" என்றுதான் அவர் சொன்னார். ஆனால் இயைபு எந்தச் சொல்லில் இருக்கிறதோ அதையே வெட்டிவிட்டுப் பேசுவது காக்னிக்காரர்கள் எனப்படும் கிழக்கு லண்டன் சாமானியர்களின் வழக்கம். ஹுக் போய்விட்டது, புட்ச்சர்ஸ் மட்டும் மிச்சம். 'யூஸ் யுவர் லோஃப்' என்பார்கள். லோஃப் ஆஃப் பிரெட், அதாவது ஹெட்: மூளையைக் கொஞ்சம் உபயோகி. 'சைனா' என்று கூப்பிட்டால் சீனாவை நினைக்க வேண்டாம். சைனா பிளேட், அதாவது மேட், நண்பன். கால் வலித்தால் 'பிளேட்ஸ்' வலிக்கிறது என்பார்கள். பிளேட்ஸ் ஆஃப் மீட், ஃபீட்.

பட்டியல் நான் போட மாட்டேன். பட்டியல்களில் முழுத் தொடர் இருக்கும், தெருவில் பாதிதான் காதில் விழும். 'ஆப்பிள்ஸ் அண்ட் பேர்ஸ்' என்றால் மாடிப்படி என்று மனப்பாடம் செய்துகொண்டு போகிறவருக்கு, முன்னே நிற்கிறவர் 'புட்ச்சர்ஸ்' என்றதும் ஒன்றும் புரிவதில்லை. முப்பது நாளில் ஆங்கிலம் கற்றுத்தரும் புத்தகங்கள் மேல் எனக்குள்ள பழைய கோபமும் இதுதான். வெட்டுகிற விதியைச் சொல்லித்தராமல் சொற்களை மட்டும் அடுக்கித் தருகிறார்கள்.

சரி, உங்கள் கேள்வியில் என்னை உறுத்துகிற சொல் 'கொச்சை'. இதற்குத் தமிழ் இலக்கணத்தில் மரியாதையான பெயர் ஒன்று இருக்கிறது: குழூஉக்குறி. நன்னூலில் பவணந்தி முனிவர் தகுதி வழக்கை மூன்றாகப் பிரிக்கிறார்: இடக்கரடக்கல், மங்கலம், குழூஉக்குறி. பொற்கொல்லர் பொன்னைப் 'பறி' என்பது, வேடர் கள்ளைச் 'சொல்விளம்பி' என்பதெல்லாம் குழூஉக்குறிக்கு உரைகாரர்கள் தரும் உதாரணம். ஒரு கூட்டத்தார் தங்களுக்குள் வைத்துக்கொள்ளும் சொல்லுக்கு இலக்கணத்திலேயே இடம் கொடுத்த மொழி நம்முடையது. லண்டன்காரர் செய்தால் மட்டும் கொச்சையா?

சில வருடங்களுக்கு முன் இதே பக்கத்தில் 'கஸ்மாலம்' என்ற சொல்லை அச்சிட்டதற்காகத் தமிழாசிரியர் ஒருவர் மூன்று கடிதம் எழுதினார். சேரிப் பேச்சைப் பத்திரிகையில் ஏற்றலாமா என்று கேட்டார். பகவத் கீதை இரண்டாம் அத்தியாயம் இரண்டாம் சுலோகத்தில் கிருஷ்ணர் அர்ஜுனனிடம் 'கஸ்மலம்' என்கிற அதே சொல்லைச் சொல்கிறார் என்று பதில் போட்டேன். நான்காவது கடிதம் வரவில்லை. அன்று சொன்னதையே இன்றும் சொல்கிறேன்: எந்தச் சொல்லையும் பேசுகிறவரின் வீட்டைப் பார்த்து எடை போடாதீர்கள்.

காக்னி இயைபுப் பேச்சைத் திருடர் பாஷை என்று எழுதிவிடுகிறவர்கள் நிறைய. 1859-ல் ஜான் கேம்டன் ஹாட்டன் என்ற லண்டன் பதிப்பாளர் வெளியிட்ட அகராதியைப் பார்க்க வேண்டும். செவன் டயல்ஸ் பகுதியில் இதைப் பேசியவர்கள் யார் என்று அதில் இருக்கிறது: தெருவில் பாட்டுத்தாள் விற்றவர்கள், கூவிக்கூவிச் சாமான் விற்றவர்கள். நம் ஊரில் குஜிலிப் பாட்டும் கொலைச் சிந்தும் சந்தையில் பாடி விற்றார்களே, அந்த மாதிரி ஆட்கள். நாள் முழுக்க இயைபு போட்டுப் பாடியவர்கள் பேச்சிலும் இயைபு போட்டதில் என்ன ஆச்சரியம்? தள்ளுவண்டியில் பழமும் காய்கறியும் விற்றவர்களின் குழூஉக்குறி வேறு. அவர்கள் சொல்லைத் திருப்பிப் போட்டார்கள். பையனைக் குறிக்கும் 'பாய்' (boy) என்ற ஆங்கிலச் சொல்லைக் கடைசி எழுத்திலிருந்து படித்தால் 'யாப்' (yob). இன்று இங்கிலாந்துச் செய்தித்தாள்கள் ரவுடிப் பையனுக்கு எழுதும் சாதாரணச் சொல் அது.

இடக்கரடக்கலும் அவர்களிடம் உண்டு. நாக்கை நீட்டி உதட்டால் 'பர்ர்' என்று ஓசை எழுப்பிக் கேலி செய்வதை 'ராஸ்பெர்ரி ஊதுவது' என்பார்கள். அது ராஸ்பெர்ரி டார்ட். டார்ட்டுக்கு எது இயைபு என்று மகனைக் கேளுங்கள், இங்கே அச்சிட மாட்டேன். கைக்குழந்தையின் வயிற்றில் வாய் வைத்து ஊதும் பாட்டிமார்கூட அந்தச் சொல்லைக் கூச்சமில்லாமல் சொல்கிறார்கள். இயைபு வெட்டுப்பட்டதால் அசிங்கமும் கூடவே போய்விட்டது. மங்கலம் மட்டும் அவர்களிடம் இல்லை. நாம் 'இறைவனடி சேர்ந்தார்' என்கிற இடத்தில் அவர்கள் 'பிரவுன் பிரெட்' என்கிறார்கள். டெட்டுக்கு பிரெட். எனக்கு இது பிடிக்கவில்லை.

எனக்கு மிகப் பிடித்தது 'ரூபி'. ரூபி மரே என்று பெல்ஃபாஸ்டில் பிறந்த பாடகி. 1955-ல் ஒரே வாரத்தில் அவருடைய ஐந்து பாட்டுகள் பிரிட்டனின் முதல் இருபதுக்குள் இருந்தன. அந்தப் பாட்டுகளைக் கேட்பவர்கள் இன்று குறைவு. ஆனால் பெயர் நிலைத்துவிட்டது, 'மரி' என்று ஒலிக்கும் மரேக்கு 'கரி' இயைபு என்பதால். அந்தக் 'கரி' நம்முடைய கறிதான், தமிழிலிருந்து ஆங்கிலத்துக்குப் போன சொல். அதற்கும் முன்னால் கறி என்றால் மிளகு. யவனர் கப்பல்கள் முசிறிக்குப் 'பொன்னொடு வந்து கறியொடு பெயரும்' என்று அகநானூறு 149-ஆம் பாட்டில் வருகிறது. முசிறியில் மிளகாக இருந்தது லண்டன் போய்க் குழம்பாகி, அங்கே ஒரு பெல்ஃபாஸ்ட் பெண்ணின் பெயரையும் வாங்கிக்கொண்டது.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஆபீஸ் ஆட்கள் "ரூபிக்கு வருகிறாயா?" என்று கேட்டால் உங்கள் மகன் தயங்காமல் போகட்டும். அவரைக் கூப்பிடுவது சாப்பிடத்தான்.