சும்மா உட்கார்ந்த பாட்டியா?

கேள்வி: பழைய படங்கள்ல வர்ற பாட்டி நடிகைகளைப் பத்தி ஏன் சார் இவ்வளவு எழுதுறீங்க? கேமரா முன்னாடி சும்மா உட்கார்ந்துட்டுப் போறதுக்கு என்ன பெரிய நடிப்பு வேணும்?
(ஒரு வாசகர், திண்டுக்கல்)

பதில்: சும்மாவா? எந்த ஹீரோவையாவது வசனமில்லாம, மியூசிக் இல்லாம ரெண்டு நிமிஷம் சும்மா உட்காரச் சொல்லிப் பாருங்க, கையை எங்க வைக்கிறதுன்னே தெரியாது.

சத்யஜித் ரே எடுத்த வங்காளப் படம் 'பதேர் பாஞ்சாலி' பாருங்க. அதுல இந்திர் தாக்ரூன்ங்கற கிழவியா வர்றவங்க பேரு சுனிபாலா தேவி. ஒரு காலத்துல மேடையில நடிச்சு, 1930கள்ல ஓரிரு படத்துல தலைகாட்டி, அப்புறம் கேட்பாரில்லாம கல்கத்தாவுல சிவப்பு விளக்குப் பகுதியில இருந்தவங்க. ரே தேடிப்போனப்ப வயசு எண்பது, கூன் விழுந்து, பல் போயி, கன்னம் ஒட்டிக் கிடந்தாங்க. இந்த வயசுல வசனம் மனசுல நிக்குமான்னு பார்க்க ஒரு தாலாட்டு சொல்லச் சொன்னாராம், அவருக்குத் தெரிஞ்சதைவிட நீளமா சொல்லிட்டாங்க! சம்பளம் நாளைக்கு 20 ரூபா.

1952ல ஆரம்பிச்ச படம், ரே இன்சூரன்ஸ் பாலிசியையும் மனைவியோட நகையையும் அடகு வச்சும் காசு பத்தாம மாசக்கணக்குல நின்னு நின்னு ஓடுது, கடைசியில மேற்கு வங்க அரசாங்கம் பணம் குடுத்துதான் முடியுது. அவ்வளவு இடைவெளியிலயும் முன்னாடி ஷாட்ல என் வலது கை ஈரமா இருந்துச்சு, முகத்துல வேர்வை இருந்துச்சுன்னு அந்தம்மாவே எடுத்துக் குடுப்பாங்களாம். பாடையில படுக்கவைக்கிற காட்சிக்கு ரே கேட்கவே தயங்கியிருக்காரு, அவங்க தயங்கல, ஷாட் முடிஞ்சும் அசையாம கிடந்து எல்லாரையும் பதற வச்சுட்டு, முடிஞ்சுதுன்னு யாரும் சொல்லலையேன்னு கேட்டாங்களாம். இதுக்குப் பேரு சும்மாவா சார்?

படத்துல வீட்டைவிட்டுப் போகச் சொன்னதும் தண்ணி கேட்டுக் குடிச்சுட்டு, மிச்சத்தை அந்தக் கிழவி ஒரு செடிக்கு ஊத்துவா பாருங்க, அழல, திட்டல, கை மட்டும்தான் பேசும். அதை நாப்பது வயசு நடிகை தலையில வெள்ளை அடிச்சு, கன்னத்துல கோடு போட்டு, குரலை நடுங்க வச்சு நடிச்சா எப்படி இருந்திருக்கும்? இதை நான் ரொம்ப வருஷமா சொல்லிட்டிருக்கேன், கோவிச்சுக்கிட்டவங்களும் உண்டு, இன்னமும் சொல்லுவேன். வயசான வேஷத்துக்கு வயசானவங்களைக் கூப்பிடுங்க, வேலையில்லாம எத்தனையோ பேர் வீட்டுல இருக்காங்க.

1955ல படம் ரிலீஸ் ஆகுறதுக்கு முன்னாடியே அவங்க போய்ச் சேர்ந்துட்டாங்க. ரே முன்கூட்டியே புரொஜெக்டரை அவங்க வீட்டுக்கு எடுத்துட்டுப் போய்ப் படத்தைக் காட்டினாரு, அந்த ஒண்ணாவது நடந்துச்சு. அப்புறம் மணிலா திரைப்பட விழாவுல சிறந்த நடிகை விருது, வாங்கிக்க ஆள் இல்ல.

ஆனா இப்பல்லாம் இவங்கள மாதிரி ஆளுங்களோட பேரே நம்ம கண்ணுல படாது. ஓடிடியில படம் முடிஞ்சு பேர் ஓட ஆரம்பிச்ச உடனே திரை சுருங்கி மூலைக்குப் போயிடுது, அடுத்தது பாருன்னு பெட்டி வந்து நிக்குது, அஞ்சாறு செகண்ட் விட்டா வேற படமே ஓட ஆரம்பிச்சுடுது! அம்மாவா நடிச்சது யாரு, பாட்டியா நடிச்சது யாருன்னு எப்படி சார் தெரிஞ்சுக்கிறது? நிறைய ஆப்ல அதை நிறுத்திவைக்க செட்டிங் இருக்கு, இன்னைக்கே நிறுத்திட்டு 'பதேர் பாஞ்சாலி' பாருங்க, பார்த்துட்டு எனக்கு எழுதுங்க.