மாதம் 2,968 ரூபாய் மிச்சம் பிடிக்க 20 லட்சமா?

கேள்வி: செம்மண்டலத்தில் 9,000 ரூபாய் வாடகைக்கு இருக்கிறோம். பக்கத்திலேயே ஒரு தனி வீடு 40 லட்சத்துக்கு வந்திருக்கிறது. கையில் 10 லட்சம் இருக்கிறது, மீதி 30 லட்சத்துக்கு வங்கிக் கடன். கணவருக்கு வயது 38, தனியார் கம்பெனி வேலை, பிடித்தம் போக 62,000 சம்பளம். 8.5 சதவீதம், மாறும் வட்டி என்கிறார்கள். "30 வருஷம் போட்டுக்கோங்க மேடம், இஎம்ஐ குறையும், வரிச்சலுகையும் கிடைக்கும்" என்கிறார் வங்கி அதிகாரி. "வாடகை குடுக்கிற காசை பேங்குக்குக் கட்டுனா வீடு உங்களுது" என்கிறார் புரோக்கர். உண்மையில் இந்த வீடு எங்களுக்கு என்ன விலைக்கு முடியும்?
- கடலூர் வாசகி

பதில்: புரோக்கரிடமிருந்தே ஆரம்பிக்கலாம் சகோதரி. உங்கள் வாடகை 9,000. 20 வருஷக் கடன் என்றாலும் இஎம்ஐ 26,035. இதில் வாடகைக் காசு எங்கே வந்தது? முதல் மாதத் தவணையைப் பிரித்துப் பாருங்கள். 30 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி 21,250. அசலில் கழிவது 4,785 மட்டும். 9,000 வாடகை வீட்டைக் காலி செய்துவிட்டு 21,250 வாடகைக்குக் குடி போகிற மாதிரிதான் அந்த முதல் மாதம் இருக்கும்.

மாதம் ஏற ஏற வட்டிப் பங்கு குறையும், அசல் பங்கு கூடும். ஆனால் நாம் நினைக்கிற வேகத்தில் இல்லை. ஐந்து வருஷம் ஒரு தவணை கூடத் தவறாமல் 15 லட்சத்து 62 ஆயிரம் கட்டியிருப்பீர்கள். பாக்கி எவ்வளவு என்று கேட்டால் 26 லட்சத்து 44 ஆயிரம் என்பார்கள். பாதி அசல், அதாவது 15 லட்சம், தீருவதற்கே ஏறக்குறைய 13 வருஷம் 10 மாதம் ஆகும். "இத்தனை வருஷமா கட்டுறேன், கடன் அப்படியே நிக்குதே" என்று வங்கி வாசலில் நின்று புலம்புகிறவர்களை யாரும் ஏமாற்றவில்லை. குறையும் அசலுக்கு வட்டி போடும் கணக்கே அப்படித்தான் ஓடும்.

இப்போது அந்த 30 வருஷ யோசனைக்கு வருகிறேன். இஎம்ஐ 23,067 ஆகும். மாதம் 2,968 மிச்சம். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் 20 வருஷத்தில் மொத்தம் கட்டுவது 62 லட்சத்து 48 ஆயிரம். 30 வருஷத்தில் 83 லட்சத்து 4 ஆயிரம். மாதம் மூவாயிரத்துக்கும் குறைவாக மிச்சம் பிடிக்க 20 லட்சத்துக்கு மேல் கூடுதலாகக் கொடுக்கிறீர்கள். அதே ஐந்து வருஷக் கணக்கை இதிலும் போட்டுப் பார்த்தால் இன்னும் வயிற்றெரிச்சல்: 13 லட்சத்து 84 ஆயிரம் கட்டிய பிறகு அசலில் கழிந்திருப்பது 1 லட்சத்து 35 ஆயிரம்தான்.

இருபது வருஷம் கழித்துக் கட்டும் 26,000 இன்றைய 26,000 அல்ல என்பது நியாயமான வாதம். சம்பளம் ஏறும், ரூபாயின் மதிப்பு இறங்கும், 62 லட்சம் என்றதும் மலைக்க வேண்டியதில்லை. "30 வருஷமே போட்டுக்கொண்டு, மிச்சப் பணத்தை அவ்வப்போது அசலில் கட்டினால் போகிறது" என்பாரும் உண்டு. கணக்குப்படி சரி. நம் வீடுகளில் மிச்சப் பணம் அசலுக்குப் போய்ச் சேர்கிறதா என்பதில்தான் எனக்குச் சந்தேகம். காதுகுத்து வரும், மச்சினன் கல்யாணம் வரும், பிள்ளைக்குக் காலேஜ் பீஸ் வரும். மேலும் உங்கள் கணவருக்கு 38. இருபது வருஷம் என்றால் 58-ல் முடியும். முப்பது என்றால் 68. தனியார் வேலையில் அந்த வயதில் யார் தவணை கட்டுவது? 20 வருஷமே போடுங்கள்.

அடுத்து, உங்கள் கடிதத்தில் நீங்கள் எழுதாத ஒரு செலவு. தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வையும் பதிவுக் கட்டணமும் சேர்த்து 9 சதவீதம். விலையோ, அரசு நிர்ணயித்த வழிகாட்டி மதிப்போ, எது அதிகமோ அதன் மேல். 40 லட்சத்துக்கு 3 லட்சத்து 60 ஆயிரம். உங்கள் மாதிரி வீட்டுக்கு இதை வீட்டின் மதிப்பில் சேர்த்துக் கடன் தரக் கூடாது என்பது ரிசர்வ் வங்கி விதி. ஆகவே கைப்பணமாகத்தான் வேண்டும். வங்கியின் புரோசசிங் கட்டணம், வக்கீலின் லீகல் ஒப்பீனியன், மதிப்பீட்டாளர் கட்டணம், பத்திரங்களை வங்கியில் ஒப்படைத்ததற்கான எம்ஓடி பதிவு, பத்திரம் எழுதுபவர் கூலி எல்லாம் தனி. கையில் 10 லட்சம் போதாது, 14 லட்சமாவது வேண்டும். அந்த நாலு லட்சத்துக்குத்தான் பெரும்பாலானவர்கள் நகையைக் கொண்டுபோய் அடகு வைக்கிறார்கள். அது இரண்டாவது கடன், அதற்கு வேறு வட்டி. வீட்டுக் கடன் கணக்கில் அது தெரியாது, உங்கள் சம்பளத்தில் தெரியும்.

வரிச்சலுகையைப் பற்றி ஒரு வரி போதும். மாதம் 62,000 என்றால் வருஷம் ஏழரை லட்சத்துக்குப் பக்கம். 2025-26 நிதியாண்டு முதல் புதிய வரிமுறையில் 12 லட்சத்து 75 ஆயிரம் வரை சம்பளக்காரர்களுக்கு வருமான வரியே இல்லை. சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குக் கழிவு கிடைப்பதும் பழைய வரிமுறையில்தான். கட்டாத வரிக்கு என்ன சலுகை?

எனக்கு நடந்ததையும் சொல்லிவிடுகிறேன். பல வருஷத்துக்கு முன் 18 லட்சம் கடன் வாங்கினேன். வங்கியின் பெயர் வேண்டாம். மூன்றாவது வருஷம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, சாப்பாட்டு மேஜையில் கணக்கு அறிக்கையை விரித்து வைத்துப் பென்சிலால் வரி வரியாகப் பார்த்தபோதுதான் தெரிந்தது, ஆரம்ப அசல் 18,74,000 என்று இருந்தது. அந்த 74,000 என்ன? ஒரே தவணையில் கட்டும் கடன் காப்பீட்டின் பிரீமியம். கையெழுத்துப் போட்ட முப்பது நாற்பது தாள்களில் அதுவும் ஒன்று. காசு கையிலிருந்து போகவில்லை என்பதால் உறைக்கவே இல்லை. கடனில் ஏறிய ஒவ்வொரு லட்சமும் 8.5 சதவீதத்தில், 20 வருஷத்தில் 2,08,000 ஆகிறது. உங்களிடம் 1,20,000 பிரீமியத்தைக் கடனோடு சேர்த்தால் அதற்கு இரண்டரை லட்சம் கட்டுவீர்கள்.

கணவருக்கு ஏதாவது ஆனால் கடன் உங்கள் தலையில் விழாமலிருக்கக் காப்பீடு அவசியம்தான். ஆனால் வங்கி கைகாட்டும் கம்பெனியில்தான் எடுக்க வேண்டும் என்று கட்டாயம் இல்லை. வருஷா வருஷம் கட்டும் சாதாரண டேர்ம் பாலிசி பெரும்பாலும் மலிவாக முடியும். அவசரத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டால், பாலிசி கைக்கு வந்த 30 நாளுக்குள் திருப்பிக் கொடுக்கலாம். வீட்டுக் காப்பீடு என்பது வேறு, அதையும் இதையும் குழப்பிக்கொள்ளாதீர்கள். 2011 டிசம்பரில் தானே புயல், 2024 டிசம்பரில் தென்பெண்ணை வெள்ளம் என்று பார்த்த ஊர்க்காரர்களுக்கு அது ஏன் தேவை என்று நான் விளக்க வேண்டியதில்லை.

"மாறும் வட்டி" என்ற இரண்டு சொல்லில்தான் இந்தக் கணக்கு முழுவதும் தொங்குகிறது. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ (வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் தரும் வட்டி விகிதம்) போன்ற வெளி அளவுகோலோடு இணைக்கப்பட்டிருக்கின்றன. ரெப்போ 2022 மே மாதம் வரை 4 சதவீதம். 2023 பிப்ரவரிக்குள் 6.5 ஆகிவிட்டது. உதாரணத்துக்கு, 28 லட்சத்து 50 ஆயிரம் பாக்கியோடு 6.7 சதவீதத்தில் 22,722 கட்டிவந்த ஒருவருக்கு 18 வருஷம் மிச்சம் இருந்தது என்று வையுங்கள். வட்டி 9.2 ஆனதும் இஎம்ஐ-யை மாற்றாமல் விட்டால், அது 35 வருஷத்துக்கு மேல் நீண்டுவிடும்! மாதாமாதம் அதே தொகை கழிவதால் அவருக்கு ஒன்றுமே நடக்காத மாதிரி இருக்கும். இப்படிப் பலருக்கு நடந்த பிறகுதான் ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்ட்டில் உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலப்பதா என்று வாடிக்கையாளரைக் கேட்க வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒருமுறை அறிக்கை தர வேண்டும். அதில் இதுவரை வசூலான அசலும் வட்டியும், மிச்சத் தவணைகளின் எண்ணிக்கையும் இருக்கும். மற்றதைப் பார்க்காவிட்டாலும் அந்த எண்ணிக்கையைப் பாருங்கள். போன முறை 212 என்றிருந்து இந்த முறை 230 ஆகியிருந்தால் உடனே கிளைக்குப் போய்த் தவணையைக் கூட்டச் சொல்லுங்கள்.

வங்கிகளை ஒப்பிட இப்போது ஒரு நல்ல வசதி இருக்கிறது. 2024 அக்டோபர் 1 முதல் ஒவ்வொரு கடனுக்கும் "முக்கிய விவர அறிக்கை" என்ற தாளைக் கடன் வாங்குபவருக்குப் புரிகிற மொழியில் தர வேண்டும். தமிழிலேயே கேளுங்கள். எல்லாக் கட்டணத்தையும் சேர்த்து, ஆண்டுக்கு உண்மையில் எத்தனை சதவீதம் ஆகிறது என்று அதில் இருக்கும். அதில் இல்லாத கட்டணத்தை உங்கள் சம்மதம் இல்லாமல் வசூலிக்க முடியாது. "புரோசசிங் கட்டணம் தள்ளுபடி" என்ற பேனருக்கு மயங்க வேண்டாம். கால் சதவீத வட்டி வித்தியாசம் உங்கள் கடனில் 20 வருஷத்துக்கு 1 லட்சத்து 13 ஆயிரம். தள்ளுபடியாகும் பத்தாயிரம் எந்த மூலைக்கு?

வட்டி 6 சதவீதம்தான் என்று யாராவது சொன்னால், ஃபிளாட் வட்டியா என்று கேளுங்கள். அசல் குறைந்தாலும், முதலில் வாங்கிய முழுத் தொகைக்கே கடைசிவரை போடும் வட்டி அது. 20 வருஷத்துக்கு ஃபிளாட் 6 என்பது, குறையும் அசலுக்குப் போடும் 9.25 சதவீதத்துக்குச் சமம்.

என்னைக் கேட்டால், இந்த வீட்டை வாங்கலாம். ஆனால் இந்த மாதமே அல்ல. 62,000-த்தில் 26,000 போனால் கை இறுகும், கட்ட முடியாதது அல்ல. நகையைத் தொடாமல் 14 லட்சம் சேரும்வரை பொறுங்கள். அதற்குள் விலை பேசுங்கள். வட்டிக்கு வங்கியோடு மல்லுக்கட்டுகிற நாம், வீட்டுக்காரரிடம் ஒரு லட்சம் குறைத்துக் கேட்கக் கூச்சப்படுகிறோம். அந்த ஒரு லட்சத்தைக் கடனில் குறைத்தால் 2,08,000 மிச்சம், பத்திரச் செலவிலும் 9,000 குறைய வாய்ப்பு. வாங்கிய பிறகு தீபாவளி போனஸில் வருஷம் ஒரு தவணை கூடுதலாக அசலுக்குக் கட்டுங்கள். மூன்று வருஷத்துக்கு மேல் முன்னதாகக் கடன் முடியும், ஆறு லட்சத்துக்கு மேல் மிஞ்சும். தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக் கடனுக்கு முன்கூட்டிக் கட்டினால் அபராதம் கிடையாது. கட்டும்போது "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுத்துவிடுங்கள்.

கேள்வி: புதுச்சேரி லாஸ்பேட்டையில் வீடு. வீட்டுவசதி நிதி நிறுவனத்தில் வாங்கிய கடனில் இன்னும் 9 லட்சம் பாக்கி, 7 வருஷம் இருக்கிறது. வட்டி 10.5. வேறு வங்கி 8.5-க்கு மாற்றித் தருகிறேன் என்கிறது. மாறலாமா?

பதில்: இப்போது நீங்கள் கட்டுவது மாதம் சுமார் 15,175 இருக்கும். மாறினால் 14,253. ஏழு வருஷத்தில் 77,000 ரூபாய் போல மிச்சம். புது வங்கியின் புரோசசிங், வக்கீல், மதிப்பீட்டாளர் கட்டணங்கள், பத்திர ஒப்படைப்புப் பதிவு என்று போவதை அதில் கழியுங்கள். அதற்கு முன்னால், புது வங்கி கொடுத்த கடிதத்தை எடுத்துக்கொண்டு பழைய நிறுவனத்துக்கே போங்கள். ரெப்போவோடு இணைக்கும் கட்டாயம் வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு இல்லாததால், வட்டி இறங்கினாலும் பழைய வாடிக்கையாளருக்குத் தானாக இறங்குவதில்லை. கேட்டால் ஒரு கட்டணம் வாங்கிக்கொண்டு இறக்குவார்கள். பெரும்பாலும் அதுவே மலிவு. எப்படி மாறினாலும் 15,175-ஐயே தொடர்ந்து கட்டுங்கள். புதிதாக 15 வருஷம் நீட்டித் தருகிறோம் என்றால் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள்.

கேள்வி: கடலூர் முதுநகர். போன மாதம் கடனை முழுசாக அடைத்துவிட்டோம். பத்திரம் இன்னும் வரவில்லை. "சென்னையிலிருந்து வரணும்" என்கிறார்கள்.

பதில்: எங்கிருந்து வந்தாலும் 30 நாள்தான் கெடு. 2023 டிசம்பர் முதல், அதைத் தாண்டினால் தாமதமாகும் ஒவ்வொரு நாளுக்கும் 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும் என்பது ரிசர்வ் வங்கி உத்தரவு. இதைக் குறிப்பிட்டு ஒரு கடிதம் கொடுத்து, நகலில் முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள். பத்திரம் கைக்கு வந்ததும் எண்ணிப் பாருங்கள், மூலப்பத்திரங்கள் எல்லாம் இருக்கின்றனவா என்று. பிறகு சார்பதிவாளர் அலுவலகத்தில், கடன் தீர்ந்தது என்று வங்கி எழுதித் தரும் ரசீது ஆவணத்தைப் பதிவு செய்ய வேண்டும். அதை விட்டுவிட்டால், நாளைக்கு வில்லங்கச் சான்று போட்டுப் பார்ப்பவருக்கு உங்கள் வீடு இன்னும் அடமானத்தில் இருப்பதாகத்தான் தெரியும்.