ஹாட்டி மெக்டேனியலின் வேடங்கள் – கடிதம்

வணக்கம்,

ஆஸ்கர் பற்றிய கட்டுரையில் அமெரிக்கக் கறுப்பின நடிகை ஹாட்டி மெக்டேனியலை உயர்த்தி எழுதியிருந்தீர்கள். ‘கான் வித் த விண்ட்’ பார்த்தேன். அடிமை முறையைப் பொற்காலம்போலக் காட்டும் படம். அதில் எஜமானியம்மாவுக்கு விசுவாசமான வேலைக்காரியாக வருகிறார். தன் இனத்தையே தாழ்த்திக் காட்டிய வேடத்துக்கு வாங்கிய விருதை ஏன் கொண்டாட வேண்டும்? மறுத்திருக்கலாமே?

ஒரு வாசகர், திருச்சி

அன்புள்ள நண்பருக்கு,

படத்தைப் பற்றி நீங்கள் சொல்வது சரி. அடிமைகள் மனநிறைவோடு எஜமானர்களுக்கு உழைத்தார்கள் என்பது பெரும் பொய். அதை உலகம் முழுக்கக் கொண்டுபோன படம் அது. ஆனால் அந்தப் பழியை மெக்டேனியல் தலையில் போடுவதை என்னால் ஏற்க முடியவில்லை. நாவலை எழுதியவர், தயாரித்தவர், இயக்கியவர் எல்லோரும் வெள்ளையர்கள்.

மெக்டேனியலின் பெற்றோர் அடிமைகளாக இருந்தவர்கள். 1939 டிசம்பரில் அட்லாண்டாவில் படத்தின் முதல் காட்சி நடந்தபோது, ஜார்ஜியா மாநிலத்தின் நிறப்பாகுபாட்டுச் சட்டங்களால் அவர் போக முடியவில்லை. 1940 பிப்ரவரி 29 அன்று விருது விழா நடந்த லாஸ் ஏஞ்சலஸ் அம்பாசடர் ஓட்டலும் கறுப்பினத்தவரை அனுமதிக்காத இடம். தயாரிப்பாளர் செல்ஸ்னிக் தனியாகக் கேட்டுக்கொண்டதால் உள்ளே விட்டார்கள். உடன் நடித்தவர்களோடு உட்கார விடவில்லை, சுவரோரமாகத் தனி மேசை. ஆஸ்கர் பெற்ற முதல் கறுப்பினக் கலைஞருக்கு அன்று கிடைத்த மரியாதை இது.

மறுத்திருந்தால் அந்த வேடம் இன்னொரு கறுப்பின நடிகைக்குப் போயிருக்கும், அவ்வளவுதான். உங்கள் கோபம் அன்றும் இருந்தது. கறுப்பினத்தவரின் உரிமைகளுக்காகப் போராடும் என்.ஏ.ஏ.சி.பி. அமைப்பின் செயலாளர் வால்டர் வைட் 1942இல் ஹாலிவுட்டுக்குப் போய், கறுப்பினத்தவருக்கு வேறு வேடங்கள் கொடுங்கள் என்று ஸ்டுடியோ முதலாளிகளிடம் கேட்டார். தேவையான கோரிக்கை. ஆனால் அந்த வேடங்களை நம்பிப் பிழைத்த நடிகர்களை அவர் கலந்து பேசவில்லை. மெக்டேனியலுக்கு அது வலித்தது. அந்த வலியில் நியாயம் இருக்கிறது என்றே நினைக்கிறேன்.

எனக்கு அவர்மேல் உள்ள மதிப்பு விருதைவிட ஒரு வழக்கால் வந்தது. லாஸ் ஏஞ்சலஸில் வெஸ்ட் ஆடம்ஸ் ஹைட்ஸ் என்ற பணக்காரப் பகுதியில் அவர் வீடு வாங்கினார். நடிகைகள் லூயிஸ் பீவர்ஸ், எத்தல் வாட்டர்ஸ் உட்பட வேறு சில கறுப்பினக் குடும்பங்களும் அங்கே வந்தன. வெள்ளையர் அல்லாதவருக்கு விற்கக் கூடாது என்று அங்கே வீட்டுப் பத்திரத்திலேயே நிபந்தனை உண்டு. அதைக் காட்டி, இவர்களைக் காலி செய்ய வைக்க வெள்ளைக்கார அண்டை வீட்டார் சிலர் கோர்ட்டுக்குப் போனார்கள். இவர்கள் அசையவில்லை. லோரன் மில்லர் என்ற கறுப்பின வழக்கறிஞர் வாதாடினார். சட்டத்தின் முன் எல்லோரும் சமம் என்னும் அமெரிக்க அரசியலமைப்பின் 14ஆவது திருத்தத்தைச் சுட்டிக்காட்டி, 1945 டிசம்பரில் நீதிபதி வழக்கைத் தள்ளுபடி செய்தார். இத்தகைய நிபந்தனைகளை நீதிமன்றங்கள் அமல்படுத்தக் கூடாது என்று 1948இல் உச்ச நீதிமன்றமே சொன்னது. திரையில் எஜமானியின் வீட்டைக் காத்தவர், நிஜத்தில் தன் வீட்டுக்காகப் போராடி ஜெயித்திருக்கிறார். வேடங்களை வைத்து மட்டும் அவரை எடைபோட்டால் இதெல்லாம் கண்ணுக்குத் தெரியாமல் போய்விடும்.

1952இல் அவர் இறந்தபோது, ஆசைப்பட்ட ஹாலிவுட் கல்லறைத் தோட்டத்தில் இடம் மறுத்தார்கள். அது வெள்ளையருக்கு மட்டுமாம். அவருக்குப் பிறகு ஆஸ்கர் பெற்ற கறுப்பின நடிகை ஊப்பி கோல்ட்பர்க், 1991இல். 2012இல் ஆக்டேவியா ஸ்பென்சருக்குக் கிடைத்த ஆஸ்கரும் வேலைக்காரி வேடத்துக்குத்தான். ஸ்பென்சர் அபாரமான நடிகை, அவரைக் குறைசொல்லவில்லை. எழுபது வருடம் கழித்தும் கறுப்பினப் பெண்ணை எந்த இடத்தில் வைத்துப் பார்க்க ஹாலிவுட்டுக்குப் பிடித்திருக்கிறது என்பதுதான் என் கோபம்.

அப்புறம், கறுப்பினத்தவர் தாங்களே எடுத்த படங்கள் மெக்டேனியல் ஹாலிவுட்டுக்கு வருவதற்கு முன்பே இருந்தன. ஆஸ்கர் மிஷோ என்ற கறுப்பின இயக்குநர் தன் நாவலை வீடு வீடாகப் போய் விற்றவர், 1919 முதல் நாற்பதுக்கும் மேற்பட்ட படங்கள் எடுத்தார். 1920இல் வந்த ‘விதின் அவர் கேட்ஸ்’ படத்தின் நாயகி ஓர் ஆசிரியை, அமெரிக்காவின் தெற்கில் ஒரு கறுப்பினப் பள்ளிக்காக நிதி திரட்டுகிறாள். வெள்ளையர் கும்பல் கறுப்பினக் குடும்பத்தைத் தூக்கிலிடும் காட்சியும் அதில் உண்டு. தொலைந்துவிட்டதாக நினைத்திருந்த அந்தப் படத்தின் ஒரு பிரதி ஸ்பெயினில் கிடைத்தது. அமெரிக்க காங்கிரஸ் நூலகம் அதைச் சீரமைத்தது. இணையத்தில் இலவசமாகவே இருக்கிறது, பார்த்துவிட்டு எழுதுங்கள்.